கதைத்தறி விட்டுச்செல்லும் கசடு: ஓர் எளிய அறிமுகம்

மாயக்கதை உலகங்களில் கதை நெய்யும் இயந்திரம், அதாவது கதைத்தறி, அடிக்கடி தலைகாட்டும். பெரிய கூடம், இருட்டில் சுழலும் சக்கரங்கள், ஒரு பக்கம் எதையோ போட்டால் மறுபக்கம் கதையாக வருகிறது. படிப்பவர்களின் கண் வெளியே வரும் கதையின் மேல்தான் இருக்கும். எனக்கு அந்தக் கூடத்தின் தரை முக்கியம். அங்கே என்ன விழுந்து கிடக்கிறது? அதை யார் பெருக்குகிறார்கள்? பெருக்கியதை எங்கே கொண்டுபோய்க் கொட்டுகிறார்கள்? இதற்கெல்லாம் பதில் வைத்திருக்கும் உலகத்தில் நம்மால் காலூன்றி நடக்க முடிகிறது.

விழுந்து கிடப்பதற்குக் கசடு என்று பெயர் வைத்துக்கொள்வோம். கதைத்தறி ஓடும்போது கதைக்குள் போய்ச் சேராமல், ஆனால் மாயமும் முழுக்கத் தீராமல், மிச்சமாக நிற்கும் பொருள் அது. இந்தக் கருத்தை முதன்முறையாகச் சந்திப்பவர்களுக்காக, அடிப்படையிலிருந்து பார்க்கலாம்.

முதலில் தறி. கதைத்தறி என்ற கற்பனைக்கு நிஜ உலகிலேயே வேர் உண்டு. பிரான்சின் லியோன் நகரத்து ஜோசப் மேரி ஜக்கார்டு 1804இல் கொண்டுவந்த தறியில், எந்தப் பாவு நூல் மேலே எழவேண்டும், எது கீழேயே இருக்கவேண்டும் என்பதைத் துளையிட்ட அட்டைகள் முடிவு செய்தன. அட்டைகளை மாற்றினால் துணியில் விழும் பூ மாறிவிடும். 1843இல் ஆங்கிலக் கணிதவியலாளர் ஏடா லவ்லேஸ், சார்லஸ் பாபேஜ் திட்டமிட்ட கணக்கு இயந்திரத்தைப் பற்றி எழுதியபோது, ஜக்கார்டு தறி பூவும் இலையும் நெய்வதுபோல இது இயற்கணித வடிவங்களை நெய்கிறது என்றார். இரண்டே வருடம் கழித்து, 1845இல், ஜான் கிளார்க் என்பவர் இலத்தீன் செய்யுள் வரிகளைத் தானாகவே உருவாக்கும் ஓர் இயந்திரத்தை லண்டனில் மக்கள் பார்வைக்கு வைத்தார். ஒவ்வொரு வரியிலும் ஆறு சொற்கள். இலக்கணம் சரியாக இருக்கும், யாப்பும் சரியாக இருக்கும்.

அந்தச் செய்யுள் இயந்திரத்தில்தான் நம் கருத்தின் மூலம் இருக்கிறது. ஒரு வரி தோன்றும் அந்த நொடியில், அதே சக்கரங்களிலிருந்து தோன்றியிருக்கக்கூடிய லட்சக்கணக்கான மற்ற வரிகள் தோன்றாமல் போகின்றன. நிஜ உலகில் தோன்றாத வரி எங்குமே இல்லை, அதோடு பேச்சு முடிந்தது. மாய உலகில் அப்படி முடிவதில்லை. அங்கே ஒரு வரியைத் தோற்றுவிக்கச் சக்தி செலவாகிறது. அந்தச் சக்தி தேர்ந்தெடுக்கப்பட்ட வரியை மட்டும் தொட்டுவிட்டு நிற்காது, தள்ளப்பட்டவற்றையும் கொஞ்சம் தொட்டிருக்கும். தச்சர் இழைப்புளியை ஓட்டும்போது விழும் சீவலும் மரம்தான், வேறு பொருள் அல்ல. கசடும் அப்படித்தான். கதை எதனால் ஆனதோ அதே பொருளால் ஆனது, கதையாகும் வாய்ப்பு மட்டும் கிடைக்காதது.

இதைப் பிடித்துக்கொண்டால் கசடு வேறு, சாபம் வேறு, பேய் வேறு என்பது விளங்கிவிடும். சாபத்துக்குப் பின்னால் ஒருவருடைய கோபமோ நோக்கமோ இருக்கும். பேய்க்கு ஒரு காலத்தில் வாழ்க்கை இருந்தது. கசடுக்கு இரண்டும் கிடையாது. அது யாரையும் பழிவாங்க வரவில்லை, எதையும் நினைவுபடுத்தவும் வரவில்லை. அதனிடம் கெஞ்ச முடியாது, சமாதானம் பேச முடியாது. தூசியோடு எப்படி வாழ்கிறோமோ அப்படித்தான் அதனோடும் வாழவேண்டும்.

கசடு எங்கிருந்து வருகிறது என்பதைப் பொறுத்து அதை மூன்றாகப் பிரித்துக்கொள்கிறேன். பெயர்கள் நானாக வைத்தவை.

கதை ஒரு வழியைத் தேர்ந்து மற்ற வழிகளை விடும்போது உதிர்வது வெட்டுக்கசடு. நாயகி ஆற்றைக் கடந்தாள் என்று தறி நெய்துவிட்டது. அவள் கரையிலேயே உட்கார்ந்துவிட்டதும், பாதி ஆற்றில் திரும்பியதும், தம்பியை அனுப்பியதும் தரையில் விழுகின்றன. இந்தக் கசடு படிந்த இடத்தில் 'கிட்டத்தட்ட' நடந்தவை நடந்தவற்றோடு கலக்கத் தொடங்கும். சண்டை போட்டுப் பிரிந்த அண்ணன் தம்பி இருவரில் ஒருவருக்குச் சமாதானமானது நினைவில் இருக்கும், மற்றவருக்கு இருக்காது. யாரும் பொய் சொல்லவில்லை. விற்காத நிலத்தை விற்றதாக நினைத்து ஒருவர் வேலியைப் பிரித்துவிடுவார். இத்தகைய ஊரில் சாட்சி சொல்வது எவ்வளவு சிக்கலான வேலை என்று யோசித்துப் பாருங்கள். அங்கே நீதிமன்றம் எப்படி நடக்கும்? ஒப்பந்தம் போடுபவர்கள் கதைத்தறி இருக்கும் ஊருக்கு வெளியே போய்த்தான் கையெழுத்துப் போடுவார்களா? ஒரே ஒரு கசடிலிருந்து சட்டம், வியாபாரம், குடும்பம் மூன்றும் மாறத் தொடங்குகின்றன. ஒரு உலகம் உருவாவது இப்படித்தான் என்று நான் நினைக்கிறேன். வரைபடமும் அரச வம்சப் பட்டியலும் அப்புறம் வரட்டும்.

அடுத்தது விதிக்கசடு. இது கதையிலிருந்து வருவதல்ல, தறியே தேய்வதால் வருவது. கதை நெய்யும் இயந்திரம் சும்மா ஓடாது. கதை எப்படிப் போகவேண்டும் என்ற விதிகள் அதற்குள் பல்சக்கரங்களாக இருக்கும். சக்கரம் தேயத் தேய விதியே தூளாக உதிர்ந்து காற்றில் கலக்கும்.

இதற்கு நிஜத்தில் ஓர் அருமையான முன்னுதாரணம் உண்டு. 1970களில் ஜேம்ஸ் மீகன் என்ற ஆய்வாளர், சிறு விலங்குக் கதைகளை உருவாக்கும் 'டேல்-ஸ்பின்' என்ற கணினி நிரலை எழுதினார். அது தவறாக உருவாக்கிய கதைகளையும் அவர் பதிவு செய்து வைத்தார். அவற்றில் ஒன்றில் ஓர் எறும்பு ஆற்றங்கரையில் வழுக்கித் தண்ணீரில் விழுகிறது. அடுத்த வரியில் புவியீர்ப்பு மூழ்கிச் செத்துப்போகிறது. காரணம் இதுதான்: எறும்பை ஆற்றுக்குள் இழுக்க ஏதாவது ஒன்று வேண்டுமே என்று புவியீர்ப்பையும் ஒரு பாத்திரத்தைப் போல நிரலுக்குள் வைத்திருந்தார்கள். எறும்பை இழுத்ததால் புவியீர்ப்பும் ஆற்றுக்குள் போய்விட்டது. நீந்திக் கரையேறக் காலில்லை, பறக்கச் சிறகில்லை, கைகொடுக்க நண்பர்களும் இல்லை. கதைக்குப் பின்னால் மறைந்திருக்க வேண்டிய விதி, கதைக்குள் வந்து விழுந்து மூழ்கியது. விதிக்கசடு என்றால் என்ன என்று யாராவது கேட்டால் நான் முதலில் இதைத்தான் சொல்வேன்.

இப்போது இதை மாய உலகத்துக்குக் கொண்டுபோவோம். ரஷ்ய அறிஞர் விளாதிமிர் ப்ராப் 1928இல் வெளியிட்ட ஆய்வில், மாய நாட்டுப்புறக் கதைகளில் திரும்பத் திரும்ப வரும் 31 செயல்களை வரிசைப்படுத்தினார். அந்த வரிசையின் தொடக்கத்திலேயே ஒரு ஜோடி இருக்கிறது. நாயகனுக்கு ஒரு தடை விதிக்கப்படுகிறது. அடுத்து, அந்தத் தடை மீறப்படுகிறது. உங்கள் தறிக்குள் இந்த விதி ஒரு சக்கரமாக இருந்து, அது தேய்ந்து, அதன் தூள் தெருவில் படிந்தால்? அந்தத் தெருவில் 'செய்யாதே' என்று யார் சொன்னாலும், சொன்ன நேரத்திலிருந்து அதைச் செய்தே ஆகவேண்டிய நிலை வந்துவிடும். கிணற்றுப் பக்கம் போகாதே என்று அம்மா சொல்லிவிட்டால் குழந்தை கிணற்றுப் பக்கம்தான் போகும். அதனால் அந்தத் தெருவில் வளர்ந்தவர்கள் தடை சொல்வதே இல்லை. "கிணற்றடியில் ஒன்றுமில்லை, வா, திண்ணையில் உட்காரலாம்" என்று வேறு பக்கம் திருப்பத்தான் கற்றிருப்பார்கள். வெளியூரிலிருந்து வரும் ஓர் அதிகாரி நல்லெண்ணத்தோடு ஒரு தடை உத்தரவை ஒட்டிவிட்டுப் போகிறார். அன்று இரவு தெருவே நடுங்கும். கதை அங்கேயே தொடங்கிவிடும்.

மூன்றாவது வகை ஒட்டுக்கசடு. நெய்து முடித்த கதையிலேயே ஒட்டிக்கொண்டு போவது. இதைப் பற்றி நிறையச் சொல்ல வேண்டியதில்லை. பழைய தோல் ஏடுகளில் முதலில் எழுதியதைச் சுரண்டிவிட்டு மேலே வேறொன்றை எழுதுவது வழக்கமாக இருந்தது. ஆர்க்கிமிடீசின் கணித நூல்களைத் தாங்கிய 10ஆம் நூற்றாண்டுப் பிரதி ஒன்றின் எழுத்துகளை இப்படிச் சுரண்டி, 1229இல் அதன்மேல் பிரார்த்தனைகளை எழுதினார்கள். 1906இல் ஹைபெர்க் என்ற அறிஞர் அடியில் மங்கலாகத் தெரிந்த எழுத்தைப் படித்து அது என்னவென்று கண்டுகொண்டார். ஒட்டுக்கசடு படிந்த கதையும் அப்படித்தான், கேட்பவருக்கு அடியில் இன்னொரு கதை லேசாகக் கேட்டுக்கொண்டே இருக்கும்.

சரி, கசடு மனிதர்களை என்ன செய்யும்? தொடக்கத்தில் எழுதுபவர்கள் பெரும்பாலும் கசடை விஷமாக்கிவிடுகிறார்கள். தொட்டால் சாவு, முகர்ந்தால் பைத்தியம். அதற்கு ஒரு மினுமினுக்கும் நிறமும் கொடுத்துவிடுகிறார்கள். எனக்கு இதில் திருப்தியில்லை. நிஜத்தில் தொழிற்சாலைத் தூசியால் வந்த நோய்கள் இதைவிட நுட்பமானவை. பஞ்சாலைகளில் பருத்தித் தூசியைப் பல வருடம் சுவாசித்தவர்களுக்கு பிசினோசிஸ் என்ற நுரையீரல் நோய் வரும். அதன் தொடக்க நிலையில் ஒரு விசித்திரம் இருக்கிறது. விடுமுறை முடிந்து வேலைக்குத் திரும்பும் முதல் நாள்தான் நெஞ்சு இறுகுகிறது, மூச்சு முட்டுகிறது. அடுத்தடுத்த நாட்களில் அது குறைந்துவிடுகிறது. திங்கட்கிழமைக் காய்ச்சல் என்று இதற்கு ஒரு பெயரே உண்டு. நோய் முற்றினால் எல்லா நாளும் மூச்சு முட்டும்.

இந்த ஒரு தகவலைக் கதைத்தறிக் கூடத்துக்குள் வைத்துப் பாருங்கள். கூடத்தைப் பெருக்கும் பெண் ஓய்வு நாள் முழுக்க வீட்டில் இருந்துவிட்டு மறுநாள் வேலைக்குப் போகிறாள். வெட்டுக்கசடு நெஞ்சில் இறங்கியதும் அவளுக்குத் தன் வாழ்க்கையில் எது நடந்தது, எது நடக்கவில்லை என்று குழம்புகிறது. தன் மகனின் பெயரையே ஒரு நொடி தேடவேண்டியிருக்கிறது. பயந்துபோகிறாள். மூன்றாம் நாள் குழப்பம் போய்விடுகிறது. தேறிவிட்டோம் என்று நினைக்கிறாள். ஆனால் தேறவில்லை, குழப்பத்தை உணர்வது நின்றுவிட்டது, அவ்வளவுதான். ஓய்வு நாளில் வீட்டில் இருப்பவர்கள்தான் அவள் மாறியிருப்பதைக் கவனிப்பார்கள். இந்தக் கசடில் ஒளியும் இல்லை, அலறலும் இல்லை. இருந்தாலும் படிக்கிற எனக்கு அந்தப் பெண்மேல் அக்கறை வருகிறது, அவளை அங்கே வேலைக்கு வைத்தவர்கள்மேல் கோபம் வருகிறது.

கசடு எப்போதும் தீங்காகத்தான் இருக்கவேண்டும் என்றும் இல்லை. நிலக்கரியிலிருந்து விளக்கெரிக்கும் வாயுவை எடுத்தபோது கருப்பாக, பிசுபிசுவென்று மிஞ்சியது நிலக்கரித் தார். அதிலிருந்து எடுத்த பொருட்களைக் கொண்டு மலேரியா மருந்தான குயினைனைச் செய்துவிடலாம் என்று 1856இல் 18 வயது வில்லியம் பெர்கின் முயன்றார். மருந்து வரவில்லை, குடுவையில் ஒரு கரிய கசடு நின்றது. அதை ஆல்கஹாலில் கரைத்தபோது ஊதா நிறம் வந்தது. செயற்கைச் சாயத் தொழிலே அதிலிருந்து கிளம்பியது. மேரி க்யூரியின் கதை இன்னும் பொருத்தம். யுரேனியத்தைப் பிரித்தெடுத்த பிறகு வேண்டாமென்று ஒதுக்கிய தாதுக் கழிவை டன் கணக்கில் காய்ச்சி வடித்து, 1902இல் ஒரு கிராமில் பத்தில் ஒரு பங்கு ரேடியம் உப்பைப் பிரித்தார். பிரித்தெடுத்த யுரேனியத்தைவிட ஒதுக்கிய கழிவில் கதிரியக்கம் கூடுதல். அவருடைய குறிப்பேடுகளில் கதிரியக்கம் இன்னும் தீராததால், அவை இன்றும் பாரிஸில் ஈயப் பெட்டிகளில்தான் இருக்கின்றன. ரேடியத்தின் அரை ஆயுள், அதாவது அது பாதியாகக் குறைய ஆகும் காலம், சுமார் 1600 ஆண்டுகள்.

இந்த இரண்டு நிகழ்வுகளும் கற்பனை உலகைக் கட்டுபவருக்கு நேரடியாகப் பயன்படும். கசடு முதன்மைப் பொருளைவிட வலிமையானதாக இருக்கலாம். அப்படியானால் தறியின் முதலாளிக்குத் தெரியாமல் கூடத்துக்குப் பின்னால் ஒரு தனி வியாபாரமே நடக்கும். இன்னொன்று, தறி நின்ற பிறகும் கசடு நிற்காது. இயந்திரத்தை உடைத்துப் போட்டுப் பல தலைமுறை கழிந்த பிறகும், அந்த மண்ணில் வீடு கட்டுபவருக்கு நடக்காத திருமணம் ஒன்று நினைவுக்கு வரும். உங்கள் கசடு எத்தனை காலத்தில் பாதியாகக் குறையும் என்று ஒரு முடிவு எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். கதையில் அதைச் சொல்லவேண்டும் என்பதில்லை. ஆனால் நூறு ஆண்டு கழித்து நடக்கும் ஓர் அத்தியாயம் எழுத வரும்போது அந்த முடிவு கைகொடுக்கும்.

இனி எல்லாவற்றையும் சேர்த்து ஓர் உதாரணத்தை முழுதாகக் கட்டிப் பார்ப்போம். அனுப்பாத கடிதங்களைத் தின்று கதை நெய்யும் தறி ஒன்று இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். எழுதி, மடித்து, அனுப்ப மனம் வராமல் பெட்டியில் போட்டுவைத்த கடிதங்கள். கதையாக மாறும்போது கடிதத்திலிருந்து எது வெளியேற வேண்டும்? இந்தக் கேள்விதான் கசடைத் தீர்மானிக்கும். சம்பவம் கதைக்கு வேண்டும். துக்கமும் வேண்டும். வேண்டாதது, கடிதத்தின் தலையில் இருக்கும் விளி. கடிதம் ஒருவரை நோக்கிப் பேசுகிறது, கதை எல்லோரையும் நோக்கிப் பேசுகிறது. ஆகவே 'அன்புள்ள', 'அடியே', 'ஐயா', 'கண்ணே' எல்லாம் தறிக்கு அடியில் குவிகின்றன. இந்தத் தறியின் கசடு, யாரையோ கூப்பிடும் குரல்களின் குவியல்.

அப்படியானால் அந்தத் தறியைச் சுற்றி வாழ்பவர்களுக்கு என்ன ஆகும்? யாரோ தங்களைக் கூப்பிட்டதுபோல அடிக்கடி திரும்பிப் பார்ப்பார்கள். அங்கே பிறந்த குழந்தைகள், பெயர் சொல்லிக் கூப்பிட்டால் உடனே திரும்பமாட்டார்கள். எத்தனையோ அழைப்புகளில் தங்களுடையது எது என்று பிரித்தறியக் கொஞ்ச நேரம் பிடிக்கும். வெளியூர்ப் பள்ளிக்குப் போனால் மந்தமான பிள்ளை என்று பெயர் வாங்குவார்கள். அந்தக் கசடைக் கைப்பிடியளவு திருடி விற்பவர்கள் இருப்பார்கள். வாங்குபவர்கள் தனியாக வாழும் வயதானவர்கள். மாலையில் ஒரு சிட்டிகை அறையில் தூவினால் யாரோ 'அம்மா' என்று கூப்பிடுவார்கள். இது குற்றமா, ஆறுதலா என்று ஊரே இரண்டாகப் பிரிந்து நிற்கலாம்.

அடுத்து, கசடு எப்படித் தீரும்? இதற்கும் அதன் பிறப்பிலேயே பதில் இருக்கிறது. பதில் கிடைக்காத விளி என்பதால்தான் அது மிஞ்சி நிற்கிறது. யாராவது பதில் சொன்னால் கரைந்துவிடும். ஆகவே அந்தக் கூடத்தில் பெருக்குமாறு உதவாது. அங்கே வேலை செய்பவர்கள் குவியலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, காலையிலிருந்து இரவு வரை 'என்னப்பா', 'சொல்லும்மா', 'இதோ வந்துட்டேன்' என்று பதில் சொல்லிக்கொண்டிருக்கவேண்டும். மனமில்லாமல் சொன்னால் கசடு கரையாது. அப்படியானால் அந்த வேலைக்கு எத்தகையவர்கள் வருவார்கள், எத்தனை வருடம் தாங்குவார்கள், வீட்டுக்குப் போன பிறகு சொந்தப் பிள்ளை கூப்பிட்டால் அவர்களிடம் பதில் மிச்சம் இருக்குமா? இவ்வளவு தூரம் வந்துவிட்டால் தறி கொஞ்சம் பின்னால் நகர்ந்துவிடும். பதில் சொல்பவர்தான் கதையின் நடுவில் நிற்பார். எனக்குத் தெரிந்து ஒரு மாயப் பொருள் செய்யக்கூடிய மிக நல்ல வேலை இதுதான்.

கவனிக்கவேண்டிய ஒன்று, மேலே கட்டிய கசடால் எல்லாவற்றையும் செய்ய முடியாது. அது காயத்தை ஆற்றாது, சுவரை உடைக்காது, எதிர்காலத்தைச் சொல்லாது. கூப்பிட மட்டும்தான் தெரியும். கதை ஓர் இடத்தில் சிக்கிக்கொள்ளும்போது கசடுக்குப் புதிதாக ஒரு திறமையைச் சேர்த்துவிடலாம் என்ற ஆசை கட்டாயம் வரும். சேர்த்தால் படிப்பவர்களுக்கு அடுத்த பக்கத்திலேயே தெரிந்துவிடும். அதற்குப் பதிலாக இருக்கும் ஒரே திறமையை வேறோர் ஆளின் கையில் கொடுத்துப் பாருங்கள். கூப்பிடும் தூளைக் காட்டு வழியில் கொள்ளைக்காரன் தூவினால் என்ன ஆகும்? பேச்சு வராத ஒருவர் அதைப் பையில் வைத்திருந்தால்? திறமை மாறவில்லை, ஆனால் அது செய்யும் காரியம் ஒவ்வொருவர் கையிலும் மாறிவிடுகிறது.

எழுதும்போது இந்த விளக்கத்தையெல்லாம் முதல் அத்தியாயத்தில் கொட்டவேண்டாம். மூன்று வகை, அரை ஆயுள், கரையும் முறை எல்லாம் உங்கள் குறிப்பேட்டில் இருக்கட்டும். படிப்பவருக்கு முதலில், யாரும் இல்லாத தெருவில் ஒரு சிறுவன் திரும்பிப் பார்ப்பது போதும். இரண்டாவது முறை அவன் திரும்பும்போது பக்கத்தில் நிற்கும் பாட்டியும் திரும்பட்டும். ஏன் என்று வெளியூர்க்காரர் ஒருவர் கேட்கும்வரை காரணத்தைத் தள்ளிவைக்கலாம். அந்த ஊர்க்காரர்கள் தங்களுக்குள் அதைப் பற்றிப் பேசிக்கொள்ளவே மாட்டார்கள், அவர்களுக்கு அது பழகிப்போன காற்று.